ஏறினாளா, இல்லையா?

போன வாரம் திண்டிவனத்தில் ஒரு வெல்டிங் பட்டறையைக் கடக்கும்போது மூக்கில் ஏறிய காந்தல் வாடையில், எப்போதோ இடித்துவிட்ட சினிமாக் கொட்டகையின் ஆபரேட்டர் அறைக்குள் போய் நின்றுவிட்டேன். அங்கேதான் அப்பா, புரொஜெக்டர் வெளிச்சத்துக்குக் கார்பன் குச்சிகளை எரியவிட்டுப் படம் ஓட்டிக்கொண்டிருந்தார். ஞாயிறு காலைக் காட்சிக்கு இங்கிலீஷ் படம். அமெரிக்காவில் புதிதாக வந்த இயக்குநர்கள் முடிவைச் சொல்லாமலே படத்தை முடிக்க ஆரம்பித்திருந்தது எங்கள் ஊருக்கு எப்படித் தெரியும்? அன்றைய படத்தில், புருஷனை விட்டுவிட்டு வந்த ஒருத்தி சாலையோரம் காத்திருக்கிறாள், பஸ் வந்து நிற்கிறது, கதவு திறக்கிறது, அதோடு திரை இருண்டுவிட்டது.

"ரீல வெட்டிட்டான்டா!" என்று கூட்டம் படியேறி வந்து அறைக்கதவை உதைத்தது. தாழ்ப்பாள் ஆடியது. அப்பாவுக்கு டீ கொண்டுபோயிருந்த நான் அவர் சட்டையை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

"வெட்டலீங்க, படமே அவ்ளோதாங்க! இன்னொரு தபா போடறேன், பாத்துக்கினு போங்க," என்றார் அப்பா.

கடைசி ரீல் மறுபடியும் ஓடியது. பஸ் கதவு திறந்தது, இருட்டு. இந்தத் தடவை யாரும் கத்தவில்லை. பெண்கள் பக்கமிருந்து ஒரு குரல் மட்டும் கேட்டது.

"ஏறினாளா இல்லியாங்க?"

"தெரியலியேம்மா," என்றார் அப்பா, ஆபரேட்டர் அறையின் துவாரம் வழியாக.

மத்தியானம் வீட்டில் அவர் இதைச் சிரித்துக்கொண்டே சொன்னபோது அம்மா சிரிக்கவில்லை.

"ஏறியிருப்பா," என்றாள், குழம்பை ஊற்றியபடி.

சோற்றில் வைத்த கையை எடுக்காமல் அப்பா அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.