கருவாட்டுப் புகையும் தொப்பிக்காரரும்

நோர்வேயில், நாங்கள் குடியிருக்கும் ஹவுகன்ஸ்டுவாவின் நூலகத்தில் ஒரு பின்னேரம் பழைய ஊமைப்படம் காட்டினார்கள். விடுமுறைக்குப் போகும் ஒரு குடும்பம், போன இடத்தில் எல்லாம் தலைகீழ். இவரை, அதாவது என் வீட்டுக்காரரை, இழுத்துக்கொண்டு போனேன். விடுமுறை என்ற சொல்லைக் கேட்டாலே முகத்தைத் திருப்பிக்கொள்கிற மனிதர்.

காரணம் முந்திய கோடை. ஏரிக்கரையில் முதன்முறையாக ஒரு மர வீட்டை வாடகைக்கு எடுத்திருந்தோம். நோர்வேக்காரர் பாணும் சீஸும் கொண்டு போவார்கள். நாங்கள் பானையோடு சோறும், ஒரு பொதி கருவாடும். ஏரிக்காற்றின் குளிருக்குப் பயந்து யன்னல்களைச் சாத்திவிட்டுப் பொரித்தேன். புகை அலாரம் அலறத் தொடங்கியது. இவர் கதிரையில் ஏறித் தும்புத்தடியால் அதை அடித்தார். கதிரை சரிந்தது. இவருடைய ஒரு கால் சோற்றுப்பானைக்குள். நல்ல காலம், சோறு ஆறியிருந்தது. ஓடிவந்த பக்கத்து வீட்டுக்காரர்கள் வாசலில் நின்று சிரித்தார்கள். அன்றே இவர் சாமான்களைக் கட்டிக் காரை எடுத்துவிட்டார். ஏரியில் நான் கால்கூட நனைக்கவில்லை. இனி எங்கேயும் போவதில்லை என்றார். என் கோடைகள் எல்லாம் வீட்டுப் பால்கனியோடு முடிந்தன என்று நினைத்து வயிறெரிந்தேன்.

திரையில் தொப்பி போட்ட ஒரு தகப்பன். கூடாரம் தலையில் விழுந்தது. படகு கவிழ்ந்தது. வாத்துகள் சாப்பாட்டைக் கொத்தின. ஒருவர் பியானோ வாசிக்க, எல்லாரும் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். இவர் மட்டும் உம்மென்று இருந்தார்.

"வாரும், போவம். எங்களைத்தான் படமா எடுத்து வைச்சிருக்கினம்."

"இருங்கோ. அந்தாள் ஓடுதோ எண்டு பாருங்கோ."

அந்தாள் ஓடவில்லை. தொப்பியிலிருந்த தண்ணீரை ஊற்றிவிட்டு, ஈரக் கால்சட்டையோடு திரும்பவும் மேசைவிரிப்பை விரித்தார். எனக்கு இவர்மேல் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"அவர் விழுந்தால் பகிடி, நாங்கள் விழுந்தால் மட்டும் அவமானமோ? வாற கோடைக்கு அதே வீடுதான். நீங்கள் வராட்டி நான் தனியப் போவன்."

குரலைத் தணிக்கவில்லை. முன்வரிசையில் இரண்டு தலைகள் திரும்பின. திரும்பட்டும். ஒருமுறை சிரித்தவர்களுக்குப் பயந்து ஏரியையே விட்டுவிட்டு வந்தவள், இன்னொருமுறை வாயை மூடமாட்டேன்.

திரையில் வாத்துகள் திரும்ப வந்தன. தொப்பிக்காரர் ரொட்டியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு அவற்றை முறைத்தார். பக்கத்தில் ஒரு செருமல் கேட்டது. பிறகு இவருடைய தோள் சிரிப்பில் குலுங்கியது.

"கருவாடு?" என்றார்.

"ஓம், கொண்டுதான் போவம்."

"அப்ப யன்னலைத் திறந்து வைச்சுப் பொரியும். அண்டைக்குச் சிரிச்சவைக்கும் மணக்கட்டும்."