ஓலையில் வாசித்த பெயர்

என் பெயர் ஆரோக்கியம். வாலிநோக்கம் உப்பளத்தில் வேலை செய்கிறேன். ஆண்டவர் என் வாயைத் திறந்த விதத்தைச் சொல்ல வந்திருக்கிறேன். ஊரில் என்னை வாயாடி என்பார்கள். அப்படிப்பட்டவள் பதினெட்டு வருஷம் ஒரே ஒரு பெயரை விழுங்கிக்கொண்டு இருந்தேன். அது என் புருஷன் பெயர்.

நான் இக்கரைப் பெண். கடலுக்கு அக்கரையில் ஓர் இயக்கத்தின் தலைவருக்கு வாழ்க்கைப்பட்டேன். பேப்பரில் படம் வந்த ஆள். அவரால் எத்தனை குடும்பம் அழுததோ, எனக்குத் தெரியாது. வீட்டில் மகளுக்கு முள் எடுத்து மீன் ஊட்டுவார். வாசலுக்கு முதுகு காட்டி ஒரு நாளும் உட்கார மாட்டார். அடிக்கடி வீடு மாறுவோம். யாருக்கும் அடையாளம் தெரியக் கூடாதென்று அவரை 'மாமா' என்றே கூப்பிட மகள் ஜெனிட்டாவைப் பழக்கினோம். பிள்ளைக்குப் பேச்சு வந்ததே அந்தப் பொய்யோடுதான்.

அவர் கொல்லப்பட்டதும் நாலு வயதுப் பிள்ளையோடு படகேறி வந்தேன். வாலிநோக்கத்தில் யாருக்கும் என்னைத் தெரியாது. சவரிமுத்து என்று ஒரு பெயரைச் சொல்லி, துபாயில் செத்துப்போனார் என்றேன். மகளின் ஞானஸ்நான ஏட்டிலும் அதுதான் ஏறியது.

போன வருஷம் அவளுக்குப் பாம்பனில் மாப்பிள்ளை அமைந்தார். எங்கள் கோயில்களில் கல்யாணத்துக்கு முன்னால் மூன்று ஞாயிறு ஓலை வாசிப்பார்கள். இன்னார் மகனுக்கும் இன்னார் மகளுக்கும் கல்யாணம், தடை இருந்தால் சொல்லுங்கள் என்று. முதல் ஓலைக்குப் பாம்பன் கோயிலுக்குப் போயிருந்தோம். "சவரிமுத்து மகள் ஜெனிட்டா" என்று சாமியார் வாசித்தார். மாதாவே, யாருக்கும் தெரியாமல் இது முடியட்டும் என்று செபித்தேன்.

அடுத்து அன்றைய வேண்டுதலை வாசித்தார். "படகில் போய்க் காணாமல்போன அடைக்கலம் நலமாகத் திரும்பி வர, அக்காள் லூர்து வேண்டிக்கொள்கிறார்."

லூர்து, மாப்பிள்ளையின் அம்மா. அந்த அடைக்கலம் என் மடியில் செத்தவன்.

இயக்கத்துக்காரர்கள் படகோட்டக் கூட்டிப்போன ஆள் அவன். குண்டடி பட்டு எங்கள் வீட்டில் கிடந்தான். "பாம்பன்ல எங்க லூர்தக்காகிட்டச் சொல்லிருங்க மதினி" என்றான். சொல்லியனுப்பலாமா என்று புருஷனிடம் கேட்டேன். "இந்த வீட்டுல நடந்தது வெளிய போகக் கூடாது" என்றார். அவர் இருந்தவரை பயந்தேன், சரி. அவர் போன பிறகும் வாயை மூடிக்கொண்டிருந்தேனே, அதற்கு யாரைக் குற்றம் சொல்ல? எங்கள் கரையில் தெருவுக்கு ஒரு லூர்து உண்டு. சம்பந்தம் பேசும்போது எனக்கு உறைக்கவே இல்லை.

மூன்று நாள் சோறு இறங்கவில்லை. உப்பு வாரிக்கொண்டே அழுதேன். புதன்கிழமை செபத்தை மாற்றினேன். "ஆண்டவரே, மறைச்சது போதும். கல்யாணம் நின்னாலும் சரி, என் வாயைத் தெறந்துவிடும்."

முதலில் மகளிடம் சொன்னேன். "முள்ளு எடுத்து மீன் ஊட்டுவாரே, அந்த மாமாவா?" என்றாள். ஆமாம் என்றேன். "எங்கப்பாவை மாமான்னே சாக விட்டுட்டியேம்மா" என்று அழுதாள்.

வியாழன் காலை பாம்பன் போனேன். லூர்து மதினி கருவாடு காயப்போட்டுக்கொண்டிருந்தார். நின்ற இடத்திலேயே எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். கையிலிருந்த கூடையை விசிறி எறிந்தார்.

"அவன் வருவான்னு கோயில்ல பேரு வாசிக்கச் சொல்றேன், நீ அங்கன உக்காந்து கேட்டுக்கிட்டா இருந்த? என் கண்ணு முன்னால நிக்காத, போ!"

இரண்டு நாள் ஒரு தகவலும் இல்லை. கல்யாணம் நின்றுபோனது என்றே நினைத்தேன். சனிக்கிழமை மதியம் அவரே உப்பளத்துக்கு வந்து நின்றார்.

"தண்ணி கேட்டானா?"

"கேட்டான். குடுத்தேன்."

"செபம் சொன்னியா?"

"அருள் நிறைந்த மரியே சொன்னேன் மதினி. பாதியில போயிட்டான்."

வரப்பில் உட்கார்ந்து வாய்விட்டு அழுதார். "இத்தனை வருசமா என்னைய அழக்கூட விடாம வச்சிருந்தியேடி!" நான் தோளைப் பிடித்தேன். தள்ளவில்லை. பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தார்.

"நாளைக்கு ஓலையில ஒங்க வீட்டுக்காரர் நெசப் பேரு வரணும். பொய்ப் பேரோட என் வீட்டுக்கு மருமக வர வேணாம்."

அன்றே சாமியாரைப் பார்த்து அழுது ஒப்புக்கொண்டேன். ஞாயிற்றுக்கிழமை வாசித்தார்: "காலஞ்சென்ற சூசைதாசன் மகள் ஜெனிட்டா." அந்தப் பெயர் தெரியாதவர்கள் கோயிலில் இல்லை. எல்லாத் தலையும் திரும்பியது. யாராவது எழுந்து தடை சொல்லிவிடுவார்களோ என்று பயந்தேன். முன் வரிசையில் லூர்து மதினி எழுந்தார். அவர் நேராக நடந்து வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"இறந்துபோன அடைக்கலத்தின் ஆன்மா இளைப்பாற" என்று சாமியார் அடுத்து வாசித்தபோது என் கையை இறுகப் பிடித்துக்கொண்டார்.

வெளியே வந்ததும் ஜெனிட்டா தயங்கிக் கேட்டாள். "அம்மா, அப்பாவுக்கும் ஒரு பூசை வைக்கலாமா?" நான் மதினி முகத்தைப் பார்க்கவே பயந்தேன்.

மதினி கடல் பக்கம் திரும்பிக்கொண்டார். "ரெண்டு பேருக்கும் ஒரே நாள்ல வச்சிருவோம்" என்றார்.

கல்யாணம் நல்லபடியாக நடந்தது. இப்போது யார் கேட்டாலும் என் புருஷன் பெயரைச் சொல்கிறேன். ஆண்டவருக்கு நன்றி சொல்லித் தீராது. உங்களில் யாராவது இப்படி ஒன்றை விழுங்கிக்கொண்டு இருந்தால், மறைத்துவிடும் என்று அவரிடம் கேட்காதீர்கள். சொல்லத் தைரியம் கேளுங்கள். நீங்கள் சொல்லப்போகும் பதிலுக்காக இன்னொரு வீட்டில் யாரோ முழங்காலில் நிற்கிறார்கள்.