பவளம் அரித்த பொன்

வாரமெல்லாம் போச்சம்பள்ளி ஷூ கம்பெனியில் தையல் மெஷின். ஞாயிறு வந்தால் போதும், குருபரப்பள்ளிப் பக்கத்து கிராவல் குழியில் சட்டியும் கையுமாக உட்கார்ந்துவிடுவாள் பவளம். மண்ணை அள்ளி, தேங்கிய தண்ணீரில் சுற்றிச் சுற்றி அலசுவாள். கல்லும் மண்ணும் வழிந்துபோக, அடியில் தங்குவது பொன். தங்கினால்தானே.

மூட்டை மூட்டையாகவா கேட்டாள்? தாலிக்கு ஒரு பொட்டுப் பொன், அவ்வளவுதான். சிவகங்கையிலிருந்து வேலைக்கு வந்த மாரிமுத்துவை அவள் கட்டிக்கொண்டபோது இரண்டு வீடும் கதவைச் சாத்திவிட்டன. அவசரத்துக்கு மஞ்சள் கிழங்கைக் கயிற்றில் முடிந்து கட்டினான் அவன். ஆடிப்பெருக்கில் பெண்கள் கூடித் தாலிக்கயிறு மாற்றும்போது, பொன் இல்லாத கழுத்து இவளுடையது ஒன்றுதான். அந்தக் கூச்சம் பொல்லாதது. மாரிமுத்து கடையில் வாங்கித் தருகிறேன் என்றான். "ரெண்டு ஊடும் குடுக்காதத இந்த மண்ணு குடுக்கட்டும்" என்றுவிட்டாள். வீம்புக்காரி.

முதலில் மினுமினுவென்று ஒரு டப்பா நிறையச் சேர்த்து, கிருஷ்ணகிரி ஆசாரி பொன்னுசாமியிடம் நீட்டினாள். அவர் ஊதினார், பாதி பறந்தது.

"காக்காப்பொன்னும்மா இது. நெசப் பொன்னு கனம், பறக்காது."

வேறொருத்தியாக இருந்தால் சட்டியைக் கவிழ்த்திருப்பாள். இவளோ பஸ்ஸில் வீடு வரும்வரை தன்னை நினைத்துச் சிரித்தாள். அதன்பிறகு மினுக்குவதையெல்லாம் வழியவிட்டு, கடைசியில் தங்கும் கறுப்பு மணலைத்தான் துழாவினாள். மாரிமுத்து மண் சுமந்தான். "கோலார் சுரங்கமே நம்ம வீட்டுக்கு நடந்து வந்துரும்போல" என்று கேலியும் செய்தான்.

இந்த ஆடிக்கு முன்னால் இருவரும் மறுபடி ஆசாரி கடைக்குப் போனார்கள். பொட்டலத்தைப் பிரித்து அவர் ஊதினார். துகள்கள் அசையவில்லை. உருக்கி, உரைகல்லில் தேய்த்துப் பார்த்துவிட்டு ஆசாரி நிமிர்ந்தார்.

"பொன்னுதாம்மா."

பவளத்துக்குத் தலைகால் புரியவில்லை. மாரிமுத்துவின் கையை வலிக்கும்படி பிடித்துக்கொண்டாள். கேலி பேசியே பழகிய அவனோ கண்ணைத் துடைத்துக்கொண்டு நின்றான்.

"ஆனா கொஞ்சந்தான் இருக்குது" என்றார் ஆசாரி. "தாலி ஊட்டுக்கு ஊடு வேற வேற மாதிரியாச்சே. எந்த ஊட்டு வழக்கத்துல செய்யட்டும்? பொண்ணு ஊட்டுதா, மாப்பிள்ள ஊட்டுதா?"

பவளம் யோசிக்கவேயில்லை.

"ஒரு மணியா உருட்டிக் குடுங்க. நாங்க ரெண்டு பேரும் இருக்கற ஊட்டு வழக்கம் அதுதாங்க."