எட்டுப் பேருக்குத்தான் இடம்

பேய், ஆவி, காத்துக் கருப்பு எதையும் நான் நம்புகிறவள் இல்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் பாதி கேட்டதும் பொம்பளைக்குப் பித்துப் பிடித்துவிட்டது என்று நீங்கள் எழுந்து போகலாம். போனாலும் எனக்கு ஒன்றும் குறைந்துவிடாது. மலை வேலைக்குப் போய்வருகிறவர்கள் ஆளுக்கு ஒரு மோகினிக் கதை வைத்திருப்பார்கள், வேனில் திரும்பும்போது மாற்றி மாற்றிச் சொல்லுவார்கள், நான் மட்டும் சிரித்துக்கொண்டு வருவேன். அவர்களுடைய பேயெல்லாம் நடுராத்திரியில்தான் வரும். எனக்கு நடந்தது பட்டப்பகலில், கட்டிலில் காலை நீட்டிப் படுத்திருந்தபோது, கையில் இருந்த போனில்.

நான் சங்கராபுரத்துக்குப் பக்கத்தில் மரவள்ளிக் கிழங்கு பிடுங்கும் கோஷ்டிக்கு மேஸ்திரி. பெயர் வளர்மதி. எட்டு ஆட்களைச் சேர்த்து, வேன் பிடித்து, வெள்ளிமலைப் பக்கம் எந்தக் கொல்லையில் கிழங்கு முற்றியிருக்கிறதோ அங்கே கூட்டிப் போவது என் வேலை. பொம்பளை மேஸ்திரியா என்று கேட்டவர்கள் எல்லாம் கேட்டுக் கேட்டு ஓய்ந்துவிட்டார்கள். ஐப்பசியில் வேனிலிருந்து இறங்கும்போது வழுக்கி விழுந்து வலது கால் முறிந்தது. மூங்கில் பத்தை வைத்துக் கட்டி, ஒரு மண்டலம் எழுந்திருக்கக் கூடாது என்றார்கள். எங்கள் கோஷ்டியில் மூட்டை தூக்கும் கொளஞ்சி ஒருநாள் பார்க்க வந்தவன், "படுத்துக்கினு இன்னாக்கா பண்ணுவ, இத ஆடு" என்று என் போனில் ஒரு கேமை ஏற்றிக் கொடுத்துவிட்டுப் போனான். வீட்டுக்காரர் முறைத்தார், நாற்பத்தொரு வயசில் கேமா என்றார். அவர் சீட்டாடப் போகும்போது நான் வயசு கேட்டேனா?

அந்த கேமில் இதைச் செய், அதைச் செய் என்று யாரும் நம்மைப் பிடுங்க மாட்டார்கள். பெரிய மலை, காடு, ஆறு, எங்கே வேண்டுமானாலும் போகலாம். வழியில் பார்க்கிறவர்களைக் கூட்டத்தில் சேர்த்துக்கொள்ளலாம், அவர்கள் விறகு வெட்டுவார்கள், கொள்ளைக்காரன் வந்தால் நமக்காகச் சண்டை போடுவார்கள். ஆனால் நம்மோடு எட்டுப் பேர்தான் வர முடியும். புது ஆள் வேண்டுமென்றால் இருக்கிறவர்களில் ஒருவரை எடுத்தாக வேண்டும். பெயரைத் தொட்டால் கழித்தல் குறி வரும், நிச்சயமா என்று கேட்கும், ஆமாம் என்றால் அந்த ஆள் மூட்டையைக் கீழே வைத்துவிட்டு, முதலில் எந்த ஊரில் சேர்த்தோமோ அந்த ஊருக்குத் தானே நடந்து போவார். மேப்பில் ஒரு மஞ்சள் புள்ளி கொஞ்ச நேரம் நகரும், பிறகு மறைந்துவிடும். சும்மா சொல்லக் கூடாது, எனக்குப் பிடித்துப்போனது. நான் செய்கிற வேலையும் அதுதானே. விளையாட்டாக எட்டுப் பேருக்கும் என் ஆட்களின் பெயரையே வைத்தேன். தலைவி நான். நீலக் கோட்டு போட்டிருப்பேன், இரண்டு காலிலும் ஓடுவேன்.

கோஷ்டியில் மூத்தவள் அலமேலு அக்கா. ஐம்பத்தைந்து இருக்கும், புருஷன் இல்லை, மகள் கல்யாணமாகிப் பெங்களூரில் இருக்கிறாள். வேறு ஊர்க்காரி, வேன் போகிற வழியில் ஏறிக்கொள்வாள். அந்த வருஷம் அவளுக்கு முட்டி தேய்ந்துபோய், குனிந்தால் நிமிர நேரமானது. தினமும் இரண்டு வரிசை பின்தங்குவாள், அதை மற்றவர்கள் சேர்த்துப் பிடுங்க வேண்டும். நான் கூட இருந்தவரை யாரும் வாய் திறக்கவில்லை, நான் படுத்ததும் திறந்துவிட்டார்கள். எங்கள் தெருவுக்கு வாக்கப்பட்டு வந்த சாந்தி என்கிற பெண் வேலை கேட்டுக்கொண்டே இருந்தாள், ஆறு மாதக் கைக்குழந்தை இருந்தாலும் நல்ல தெம்பு. அக்காவை நிறுத்திவிட்டு அவளைப் போடு என்று எல்லாரும் ஒரே பிடியாக நின்றார்கள். இந்த வேலையை விட்டால் அக்காவுக்குச் சோற்றுக்கு வழியில்லை. அது எனக்கும் தெரியும், சொன்னவர்களுக்கும் தெரியும்.

கார்த்திகைக் கடைசி. அன்று காலையிலிருந்தே தூறல். மதியம் சாப்பாட்டு நேரத்தில் கொளஞ்சி போன் செய்து, ஆட்கள் ரொம்பப் பேசுகிறார்கள், அக்கா அழுகிறாள், இன்றைக்கே ஒரு முடிவு சொல் என்றான். வாரக் கடைசியில் சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். யார்மேல் என்று தெரியாத கோபம். கேமைத் திறந்தால் அதிலும் மழை, மலையேற்றம், அதிலும் அலமேலு என்று நான் பெயர் வைத்த பொம்மை எல்லாருக்கும் பின்னால் வந்துகொண்டிருந்தது. நம்பினால் நம்புங்கள், எனக்கு அப்படி ஓர் ஆத்திரம் வந்தது. பெயரைத் தொட்டு, கழித்தலைத் தொட்டு, வாய்விட்டே சொன்னேன்.

"போதும்க்கா. நீ வூட்டுக்குப் போ."

வீட்டில் ஈ காக்கை கூட இல்லை. பொம்மை மூட்டையை வைத்துவிட்டு நடந்தது. வழியில் நின்ற ஒரு புதுப் பெண்ணை அந்த இடத்தில் சேர்த்து, சாந்தி என்று பெயர் வைத்தேன். மனசு லேசாகிவிட்டது, பொய் சொல்ல மாட்டேன். நேரில் சொல்லத் துணிவில்லாததைப் பொம்மையிடம் சொல்லித் தீர்த்துக்கொண்டேன். பிறகு மேப்பைப் பார்த்தால் மஞ்சள் புள்ளி ஊர்ப்பக்கம் போகவில்லை. மலைக்குள் ஏறிப் போனது, ஓர் ஓடை ஓரத்தில் நின்றது, நின்றது நின்றதுதான். மறையவும் இல்லை.

மூன்று மணியைத் தாண்டி கொளஞ்சி மறுபடி கூப்பிட்டான். கொல்லையில் சிக்னல் கிடைக்காது, மேட்டுக்கு ஓடி ஏறியிருக்கிறான், மூச்சு வாங்கியது.

"யக்கா, அலமேலுக்காவக் காணோம். கத்தி, தூக்குவாளி எல்லாம் வரப்புலயே கீது. ஒதுங்கப் போயிருக்கும்னு பாத்தோம், ஒரு மணி நேரமாச்சு."

மழை நாளில் மலையில் ஐந்தரைக்கெல்லாம் இருட்டிவிடும், தேய்ந்த முட்டியோடு அவள் எங்கே போய் விழுந்து கிடக்கிறாளோ. இதற்கும் கேமுக்கும் சம்பந்தமில்லை என்று என்னையே அதட்டிக்கொண்டேன், அதட்டிக்கொண்டே என் கூட்டத்தை அந்த மஞ்சள் புள்ளியை நோக்கி ஓட்டினேன். ஓடையைப் பிடித்து மேலே போனால் ஆள் உயரத்துக்கு ஒரு சின்ன அருவி, பக்கத்தில் ஒன்றோடொன்று பின்னிக்கொண்ட இரண்டு மரம், கீழே படுத்த எருமை மாதிரி ஒரு பாறை. பாறையடியில் அலமேலு பொம்மை உட்கார்ந்திருந்தது. அந்த கேமில் கூட்டத்தை விட்டுப் போன ஆள் உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை.

கொளஞ்சியைக் கூப்பிட்டு அருவி, மரம், பாறை எல்லாம் சொன்னேன். உனக்கு எப்படித் தெரியும் என்றான். கேட்காதே, கொல்லைக்காரரைக் கேள் என்றேன். கொல்லைக்காரர் மலையிலேயே பிறந்து வளர்ந்தவர். கரியாலூர்ப் பக்கம் போகிற தடத்தில் அப்படி ஓர் ஓடை உண்டு, ஆனால் அங்கே யாரும் போக மாட்டார்களே என்றாராம். அவரும் கொளஞ்சியும் இன்னொருவனுமாக மூன்று பேர் புறப்பட்டார்கள். அதோடு போன் அறுந்தது.

இனிமேல் சொல்லப்போவதுதான் எனக்குக் கஷ்டம். கேமில் நான் பொம்மைக்கு முன்னால் போய் நின்றேன், என் ஆட்கள் எட்டுப் பேரும் சுற்றி நின்றார்கள். அலமேலு ஒரு கையை மேலே நீட்டியது. கூட்டல் குறி வந்தது, தொட்டேன். இடமில்லை, ஒருவரை எடு என்றது. சாந்திதானே கடைசியாக வந்தவள், அவளை எடுக்க வேண்டியதுதானே என்பீர்கள். சாந்தி அந்த நேரம் அவள் வீட்டில் குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு இருந்திருப்பாள். எடுத்தால் அவள் எழுந்து எங்கே நடப்பாள்? கொளஞ்சியை எடுக்கவா? அவன் வழுக்குப் பாறையில் ஏறிக்கொண்டிருந்தான். நம்பாதவளுக்கு என்ன பயம் என்று கேளுங்கள், நானும் கேட்டுக்கொண்டேன். நம்பவில்லைதான், விரல்தான் போகவில்லை. இரண்டு மணி நேரத்துக்கு மேல், அவள் கையை நீட்டியபடி, நான் பார்த்தபடி.

ஆறு மணிக்கு போன் வந்தது. "கெடச்சிட்டாங்கக்கா. உசுரோட கீறாங்க." அதே பாறையடியில், முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்து, குளிரில் வெடவெடத்துக்கொண்டு கிடந்திருக்கிறாள். வேட்டியில் தூளி கட்டித் தூக்கி வந்து ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். நான் கேமைத் திரும்பப் பார்த்தபோது பாறையடியில் யாரும் இல்லை. நான் எந்தக் குறியையும் தொடவில்லை.

கொளஞ்சி நான் இடம் சொன்னதை ஊரெல்லாம் சொல்லிவிட்டான். நான் மை போட்டுப் பார்க்கிறேன் என்று ஒரு பேச்சு, நானே ஏவிவிட்டேன் என்று இன்னொரு பேச்சு. வீட்டுக்காரர் போனை உடை என்றார், நாத்தனார் பூசாரியிடமிருந்து திருநீறு வாங்கி வந்தாள். திருநீறைப் பூசிக்கொண்டேன், அதில் என்ன கெட்டுப்போச்சு. போனை உடைக்கவில்லை, கேமையும் அழிக்கவில்லை. நான் யாருக்குப் பயந்து அழிக்க வேண்டும்? இன்னும் ஆடுகிறேன், ஒருத்தரையும் எடுப்பதில்லை, அவ்வளவுதான். கால் கூடி வேலைக்குக் கிளம்பிய அன்றே ஆட்களிடம் சொன்னேன், அக்கா குணமானதும் வருவாள், இனி பிடுங்க வேண்டாம், உட்கார்ந்து கிழங்கைத் தண்டிலிருந்து வெட்டிப் போட்டால் போதும், சாந்தியும் வருவாள், ஒன்பது பேருக்கு வேனில் நெருக்கம்தான், பிடிக்காதவர்கள் இறங்கிக்கொள்ளலாம். யாரும் இறங்கவில்லை.

அலமேலு அக்கா திரும்பி வந்த முதல் நாள். முன்சீட்டை விட்டுவிட்டு நானும் பின்னால் ஏறியிருந்தேன். இவள்தான் சாந்தி என்று நான் வாயெடுப்பதற்குள் அக்கா அவளை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "இந்தப் பொண்ணு அன்னிக்கே வந்துச்சே" என்றாள். பிறகு ஒவ்வொன்றாகச் சொன்னாள். குனிந்து கிழங்கு பிடுங்கிக்கொண்டிருந்தவளுக்குக் காதுக்குப் பின்னால் என் குரல் கேட்டதாம், போதும்க்கா, நீ வூட்டுக்குப் போ என்று, எழுத்துப் பிசகாமல். கத்தியை வைத்துவிட்டு அழுதுகொண்டே நடந்து தடம் மாறி விழுந்திருக்கிறாள். கொஞ்ச நேரத்தில் நான் வந்தேனாம், நீலக் கோட்டு போட்டுக்கொண்டு, இரண்டு காலிலும் நின்றேனாம். பின்னால் கொளஞ்சி, மற்றவர்கள், இந்தப் பொண்ணு. அவ்வளவு மழையில் ஒருத்தர் தலையும் நனையவில்லையாம். அந்த நீலக் கோட்டைப் பற்றி நான் ஒருவரிடமும் மூச்சு விட்டதில்லை.

நான் அக்காவிடம் சொன்னேன், அன்றைக்கு நான் காலில் கட்டோடு வீட்டுக் கட்டிலில் கிடந்தேன், எழுந்திருக்கவே இல்லை என்று.

"தெரியும்" என்றாள். "ஆனா நான் கைய நீட்டிக்கினே இருந்தேன் வளரு. நீ ஏன் புடிக்கல?"

பேய்க்கு நான் பயந்தவள் இல்லை, இன்றைக்கும் இல்லை, யார் வேண்டுமானாலும் வந்து என்னிடம் பேசிப் பார்க்கட்டும். அக்கா தினமும் வேலைக்கு வருகிறாள், வேனில் என் எதிரில்தான் உட்காருகிறாள், சிரித்துப் பேசுகிறாள். கொல்லை வந்ததும் நான் முதலில் இறங்கி அவளுக்குக் கை கொடுப்பேன். அவள் அதைப் பிடிப்பதில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு, அந்தக் காலோடு, தானாகவே இறங்குவாள்.