மாமா முறுக்கிய பித்தளைத் திருகாணி

என் உள்ளங்கையில் இருக்கும் இந்தப் பித்தளைத் திருகாணி என் மகளைவிடச் சில மாதங்கள்தான் இளையது. மாடியில் கான்கிரீட் அறை கட்டுவதற்காகப் பழைய அறையைப் போன வாரம் பிரித்தபோது கழற்றியது. தலையில் கொஞ்சம் களிம்பு, அவ்வளவுதான்.

பழைய அறை ஒட்டுப்பலகையால் ஆனது. சூலக்கரையில் எங்கள் வீட்டில் கீழே கூடமும் அடுக்களையும் மட்டும்தான் என்பதால், கல்யாணமான புதிதில் எங்களுக்கென்று மொட்டை மாடியில் எழுப்பியது. பங்குனியிலேயே அதன் சுவரில் கை வைக்க முடியாது. மூன்று மாதப் பிள்ளையோடு அம்மா வீட்டிலிருந்து நான் வந்து சேர்ந்ததோ சித்திரையில். நான்காம் நாளே அவள் முதுகெல்லாம் வேர்க்குரு. மழைக்காலம் வரை இங்கே வந்து இரு என்று என் அம்மா போனில் பிடிவாதம் பிடித்தாள். அதைக் கேட்டு ஆடிப்போனவர் என் மாமனார்தான். வந்த நாலு நாளில் பேத்தி அவர் மீசையைப் பார்த்துச் சிரிக்கப் பழகியிருந்தாள்.

"பத்து நாள் பொறு தாயி. அறையைக் குளுகுளுன்னு ஆக்கித் தாரேன்" என்றார்.

முதுகில் தெர்மாகோல் ஒட்டிய ஜிப்சம் போர்டுகள் வந்து இறங்கின. பலகைச் சுவரின் உள்பக்கம் அவற்றைத் திருகாணி போட்டுத்தான் பிடிக்க வேண்டும் என்று கடைக்காரர் படித்துப் படித்துச் சொன்னார். மாமா கேட்கவில்லை. அச்சங்குளம் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனியில் முப்பது வருடம் போர்மேனாக இருந்தவர். இரும்போடு இரும்பு உரசக் கூடாது என்பது அவர் ரத்தத்தில் ஊறிய பழக்கம். பிள்ளை தூங்கும் அறையில் இரும்பு ஆகாது என்று பசை வாங்கி வந்து ஒட்டினார்.

"பிள்ளை என்ன வெடியா மாமா?" என்று கேலி செய்தேன்.

"வெடி போனா வேற செஞ்சிறலாம் தாயி" என்றார்.

ஒன்பதாம் நாள் கோடை மழை கொட்டியது. பலகை நீர் குடித்து உப்ப, பசை விட்டுப்போய், ஒரு போர்டு அப்படியே பெயர்ந்து தொட்டில்மேல் சாய்ந்தது. நல்லவேளையாக, பிள்ளை கீழே என் மடியில் பால் குடித்துக்கொண்டிருந்தாள்.

மாமா அன்று சாப்பிடவில்லை. மாடிப்படியிலேயே உட்கார்ந்திருந்தார். சாயங்காலம் என் முகத்தைப் பார்க்காமல், "பிள்ளையைத் தூக்கிட்டு உங்க அம்மா வீட்டுக்குப் போயிரு தாயி. எனக்குத் துப்பு பத்தல" என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

"எந்திரிச்சுச் சாப்பிடுங்க மாமா. இரும்பு ஆகாதுன்னா பித்தளையில திருகாணி கிடைக்காமலா போயிரும்?" என்றேன்.

பித்தளை மிருதுவானது, அவசரப்பட்டால் தலை வழுக்கிவிடும். மாமா கையாலேயே துளையிட்டு, ஒவ்வொரு திருகாணியையும் சோப்பில் தேய்த்து நிதானமாக முறுக்கினார். நான் தோளால் போர்டைத் தாங்கிக்கொண்டேன். திருப்புளி மட்டும் இரும்புதானே என்று கேட்க நாக்கு துறுதுறுத்தது, கேட்கவில்லை. பலகை உப்பினால் உப்பட்டும் என்று போர்டுகளுக்கு நடுவே விரல் நுழையும் இடைவெளி விட்டார். அப்புறம் எத்தனையோ மழை பெய்தும் ஒரு போர்டு அசையவில்லை. பிள்ளை அந்த அறையிலேயே தவழ்ந்து, நடந்து, பள்ளிக்கூடம் போனாள்.

போன வாரம் இந்தத் திருகாணியை மாமாவிடம் கொண்டுபோய்க் காட்டினேன். இப்போது காது கொஞ்சம் மந்தம். வெகுநேரம் உருட்டிப் பார்த்துவிட்டு, "அன்னைக்கு நீ ஏன் தாயி போகல?" என்று கேட்டார்.

"நீங்க போகச் சொன்னீகளே மாமா, அதான் போகல" என்று அவர் காதருகே குனிந்து சொல்லி, திருகாணியைத் திரும்ப வாங்கிக்கொண்டேன்.