முன்வயல்காரரின் கேள்வி

எங்கள் ஊரில் வீட்டுக்குத் தெரு உண்டு, வயலுக்கு வழி கிடையாது. முதலில் வந்து காடு திருத்திய குடும்பங்கள் நெட்டப்பாக்கம் போகும் சாலையோரத்தைப் பிடித்துக்கொண்டன. மாதா கோயில் எழும்பிய பிறகு வந்த எங்கள் வேதக்காரக் குடும்பங்களுக்கு வாய்க்காலை ஒட்டிய கடைசி வயல்கள்தான் மிஞ்சின. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் தமிழ்நாடு, வேறு மாநிலம். கரையில் ஆள் நடக்கலாம், வண்டி போகாது. பிரெஞ்சுக்காரன் காலத்துப் பத்திரத்தில் நாலு எல்லையும் சுத்தமாக இருக்கிறது. உள்ளே எப்படிப் போவது என்று ஒரு வரி இல்லை. கல்யாணமான புதிதில் அதைப் படித்துவிட்டு, கண்ணை மூடிக்கொண்டா வாங்கினார்கள் என்று கேட்டேன். யாரும் சிரிக்கவில்லை.

வழிக்குப் பதில் ஒரு வழக்கம் இருந்தது. நாற்று விடும் முன், சாலைக்கும் எங்கள் வயலுக்கும் நடுவில் நிலம் வைத்திருக்கும் முன்வயல்காரர் எங்கள் வீட்டுக்கு வந்து, என்ன நெல் என்று கேட்பார். கேட்டுவிட்டு, அதோடு விளைவதையோ அதற்கு முன் விளைவதையோ தானும் விதைப்பார். அவர் வயல் முதலில் அறுபடும். அறுத்த தாளின் மேல் ஏறி அறுவடை மிஷின் எங்கள் வயலுக்கு வரும்.

என் கணவர் இறந்துபோன வருஷம் அது. முன்வயல்காரர் அவருடைய சிநேகிதர், என்னை அண்ணி என்பவர். அந்த மனிதர் டீக்கடையில், "அண்ணியால முடியாது, ரெண்டு போகத்துல வித்துடும்" என்று சொன்னது சாயங்காலமே என் காதுக்கு வந்துவிட்டது. உடம்பெல்லாம் எரிந்தது. அடுத்த வாரம் வழக்கம்போல் வாசலில் வந்து நின்றார்.

"இன்னா அண்ணி, இந்த வாட்டி இன்னா நெல்லு வுடப் போறீங்க?"

"என் நெலத்துல நான் இன்னா போட்டா உங்களுக்கு இன்னா? உங்க வேலைய பாருங்க."

கழற்றிய செருப்பை மறுபடி மாட்டிக்கொண்டு போய்விட்டார். அவர் நாள் அதிகம் பிடிக்கும் பொன்னி விதைத்தார். நான் குறுகிய கால நெல் விதைத்தேன். தை பிறந்தபோது என் வயல் பழுத்து நின்றது. அவர் வயல் பச்சைப்பசேல் என்று இருந்தது, இன்னும் இருபது நாள் ஆகும்.

கையால் அறுக்க ஆள் தேடினேன். பெண்கள் எல்லாம் கம்பெனி வேனில் போய்விடுகிறார்கள். மிஷின்காரர் சாலையிலேயே நின்று பார்த்தார்.

"பறந்தா போவ முடியும்க்கா? பச்சையில மிஷின் வுட்டா சுத்திக்கும். அவர ஒரு வண்டி அகலத்துக்குக் கையால அறுத்துக் குடுக்கச் சொல்லுங்க, எறங்கிடுறேன். மழ வருதுன்னு செல்லுல போட்டுருக்கான்."

ஒரு வார்த்தை கேட்க வேண்டும், அவ்வளவுதான். மூன்று நாள் கேட்கவில்லை. காலையில் வாய்க்கால் கரை வழியே போய் என் வயலில் நிற்பேன். முன்னால் அவருடைய பச்சை, பின்னால் தண்ணீர். நடுவில் கதிர் உதிர்ந்துகொண்டிருக்கும். அவர் தெரு வரை போய், பால் சொசைட்டிக்கு வந்தவள் போலத் திரும்பிவிடுவேன். அவர் முடியாது என்று சொல்லிவிடுவாரோ என்பதல்ல பயம். சரி என்று சொல்லிவிட்டால் என் முகத்தை எங்கே வைத்துக்கொள்வது?

நாலாம் நாள் வானம் கறுத்துவிட்டது. அவர் வீட்டுக்கு ஓடினேன். அவர் மனைவிதான் வாசலுக்கு வந்தாள்.

"வாங்கக்கா. மூணு நாளா இந்த மனுசன் எங்கயும் போவல. அண்ணி வரும், ஆளு இல்லன்னா திரும்பிப் போயிடும்னு வூட்டோட கெடக்குறாரு."

அதற்குள் கூரைத் தகட்டில் சொட்டுச் சத்தம் கேட்டது. அவர் அரிவாளோடு வெளியே வந்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை. "மிஷினுக்குப் போன் போடுங்க" என்று சொல்லிக்கொண்டே நடந்தார்.

பாதி வழி அறுப்பதற்குள் மழை கொட்டியது. மிஷின்காரர் போனை எடுக்கவில்லை.

"போதும், வுடுங்க" என்று கத்தினேன்.

அவர் நிமிரவில்லை. அப்போதுதான் பால் பிடித்திருந்த அவருடைய பயிர் அடியடியாகச் சேற்றில் விழுந்தது. எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. நானும் இறங்கி, அவர் அறுத்ததை வாரி ஓரமாகப் போட்டுக்கொண்டே போனேன். வழி என் வரப்பில் வந்து முட்டியபோது, என் வயலில் மழைக்குச் சாயாமல் நின்ற கதிர் ஒன்றுகூட இல்லை.