வாய்க்கால் கட்டில் ஒரு பதுங்கித் தாக்குதல்

எருமைச் சாணத்துக்கும் வயற்சேற்றுக்கும் மணத்தில் வித்தியாசம் உண்டு என்பதை, இரண்டும் கலந்த ஒன்றை முகத்தில் அப்பிக்கொண்டு ஒரு மணித்தியாலத்துக்கு மேல் குப்புறக் கிடந்த பிறகுதான் நான் கண்டுபிடித்தேன். கிடந்த நேரம் முழுவதும் அதுதான் யுத்தத்தின் மணம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அப்போது எனக்கு வயது பதினான்கு. தலையில் தொப்பி, தொப்பியைச் சுற்றி வாழைநாரால் கட்டிய ஆமணக்கு இலைகள், கையில் துப்பாக்கி என்று பெயர் பெற்ற ஒரு பூவரசங்கம்பு. பள்ளிவாசலில் வெள்ளிக்கிழமை ஜும்மாத் தொழுகை நடந்துகொண்டிருந்த வேளையில் நான் இந்தக் கோலத்தில் கிடந்தேன் என்பதை என் பிள்ளைகள் இந்தக் கட்டுரையைப் படிக்கமாட்டார்கள் என்ற தைரியத்தில் எழுதுகிறேன்.

கடல் வந்த அடுத்த வருடம் அது. எங்கள் பக்கத்தில் சுனாமி என்று சொல்பவர்கள் குறைவு. 'கடல் வந்த' என்றால் போதும், எந்தக் கடல், எப்போது வந்தது என்று எவரும் கேட்பதில்லை. கல்முனைக் கடற்கரையோரம் இருந்த எங்கள் வீட்டையும் வாப்பாவின் தையல் மெஷினையும் அது கொண்டுபோன பிறகு, வாப்பா, உம்மா, நான் மூவரும் சவளக்கடையில் உம்மாவின் சகோதரர், அதாவது என் மாமா வீட்டில் இருந்தோம். வாரக்கணக்கில் என்று வந்தவர்கள் மாதக்கணக்கில் இருந்தோம். மாமா வீட்டில் ஒருவரும் ஒரு சொல் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் கோபித்துக்கொண்டாவது சாப்பிட்டிருக்கலாம். சொல்லாததால் இரண்டாம் முறை சோறு கேட்க எனக்கு வாய் வராது. இந்த வீட்டுக்கு ஏதாவது ஒரு பெரிய காரியத்தைச் செய்து காட்டிவிட்டுத்தான் வயிறு நிறையத் தின்பது என்று தீர்மானித்தேன். தீர்மானத்துக்கு என்னிடம் எப்போதும் குறைவிருந்ததில்லை, குறைந்தது வேறு.

மாமாவின் மகன் ரிபாஸ் என்னைவிட இரண்டு வயது மூத்தவன். அவனிடம் ஒரு சிடி பிளேயர் இருந்தது. சந்தியிலிருந்த 'சிடிக் கடை'யில் வாடகைக்கு எடுத்து வரும் படங்களில் முக்கால்வாசி காட்டுச் சண்டைப் படங்கள். வெள்ளைக்காரர்கள் சுத்தத் தமிழில் 'அசையாதே' என்று உறுமும் படங்கள். அந்தச் சில மாதங்களில் நாங்கள் இருவரும் பார்த்த பதுங்கித் தாக்குதல்களை எந்தப் படைத்தளபதியும் தன் ஆயுளில் பார்த்திருக்கமாட்டார்.

அவற்றிலிருந்து நாங்கள் கற்றது ஏராளம். எதிரிகள் எப்போதும் ஒருவர் பின் ஒருவராக, சிரித்துப் பேசிக்கொண்டு, மரங்களைப் பார்க்காமல் வருவார்கள். கடைசியில் வருபவன் சிறுநீர் கழிக்க ஒதுங்குவான். அவன் கதை அத்தோடு முடிந்தது. காத்திருப்பவர்களை நுளம்பு கடிக்காது. அவர்களுக்குத் தும்மல் வராது, கால் விறைக்காது. நெற்றியிலிருந்து ஒரேயொரு வியர்வைத் துளி மட்டும் மூக்கு வழியாக இறங்கும். ஒருவன் பறவை மாதிரிக் கூவுவான், மற்றவன் வேறொரு பறவையாகப் பதில் சொல்வான். பிறகு பின்னணி இசை சட்டென்று நின்றுவிடும். எதிரிக்குக் கொஞ்சமாவது புத்தி இருந்தால் இசை நின்றவுடனேயே ஓடியிருக்கவேண்டும். ஆனால் எந்தப் படத்திலும் எவனும் ஓடியதில்லை. ஐந்து நிமிடத்தில் எல்லோரும் விழுந்துகிடப்பார்கள், நம்மவரில் ஒருவருக்கு மட்டும் தோளில் காயம், அடுத்த காட்சியில் எல்லோரும் தீ மூட்டித் தேநீர் குடிப்பார்கள்.

பிற்காலத்தில் யுத்தத்தைப் பற்றிக் கொஞ்சம் படித்தபோது, உண்மையான பதுங்கலில் பெரும்பகுதி காத்திருப்பும் வயிற்றுக்கோளாறும்தான் என்று தெரிந்துகொண்டேன். அது தெரியாத காலத்தில், எங்களுக்கு ஓர் எதிரி கிடைத்தான்.

வெயில்காலச் சிறுபோக நெற்செய்கை. மாமாவின் வயல் 'குடலை'ப் பருவத்தில், கதிர் வெளிவரும் தறுவாயில் நின்றது. அந்த நேரத்தில் தண்ணீர் தவறினால் மணி பிடிக்காது. நெல் முழுவதும் 'சப்பி'யாகிவிடும். அந்த நெல்லை நம்பி அவர்கள் வீட்டில் ஐந்து பேர், எங்களோடு எட்டுப் பேர். எங்கள் வாய்க்காலுக்கு முறைத் தண்ணீர் வெள்ளிக்கிழமைகளில் வரும். காலையில் மாமா 'வக்கடை'யை, அதாவது வரம்பில் தண்ணீர் பாய வெட்டிய வாயை, திறந்துவிட்டு வருவார். வயல் நிரம்பத் தொடங்கும். பின்னேரம் போய்ப் பார்த்தால் சேறு தெரியும். இரண்டு வெள்ளி இப்படியே போனது. மாமா சோற்றுக்கோப்பையைத் தள்ளிவைத்தார். மாமி, "மூணாவது வெள்ளியும் இப்பிடியெண்டா அறுக்கிறத்துக்குப் போகத் தேவல்ல" என்று அடுப்பைப் பார்த்துச் சொன்னார்.

ரிபாஸும் நானும் கூடி ஆராய்ந்தோம். காலைக்கும் பின்னேரத்துக்கும் இடையில் எங்கள் ஆட்கள் ஒருவரும் வயல் வட்டையில் இல்லாத நேரம் ஒன்றே ஒன்றுதான்: ஜும்மா நேரம். அந்த ஒன்றரை மணித்தியாலத்தில் வயல்வெளியில் ஒரு தொப்பியும் இருக்காது. ஆகவே கள்ளன் தொப்பி போடாதவன். மேல் வயல்காரர் தங்கராசா, சைவர், பாண்டிருப்புப் பக்கத்தவர், நாற்பது வயதிருக்கும். எங்களைக் கண்டால் தலையை ஆட்டிவிட்டுப் போவார். அதிகம் கதைக்காதவர் என்பதே எங்களுக்குச் சாட்சியமாகிவிட்டது. படத்தில் அதிகம் கதைக்காதவன்தான் குற்றவாளி. அந்த நாட்களில் ஒரு ஊரானின் வக்கடையை மற்ற ஊரான் வெட்டினான் என்று ஒரு சொல் எழும்பினால் அது வயலோடு நிற்காது, சந்திக்கு வரும், சந்தியிலிருந்து எங்கே போகும் என்று பெரியவர்கள் எல்லோருக்கும் தெரியும். ஆகவேதான் நாங்கள் பெரியவர்களிடம் சொல்லவில்லை. அவர்கள் குறுக்கே நிற்பார்கள்.

மூன்றாவது வெள்ளி, பள்ளிவாசல் தண்ணீர்த் தொட்டியான 'ஹவுளு'க்கரையில் கைகால் கழுவி ஒளுச் செய்வதுபோல் குனிந்து, அப்படியே பின்மதிலால் ஏறிக் குதித்து, வாய்க்கால் கட்டுக்கு ஓடினோம். இலுக்குப் புல் ஆளுயரத்துக்கு நின்றது. எருமைகள் புரண்ட குழியில் சேறு அள்ளிப் பூசினோம். ரிபாஸ் இந்தப் பக்கம், நான் அந்தப் பக்கம். முதல் பத்து நிமிடத்தில் இலுக்கு என் கழுத்தை அறுத்தது, அடுத்த பத்தில் எறும்பு சாரத்துக்குள் குடியேறியது, அதற்கடுத்த பத்தில் ஆமணக்கிலை வாடித் தொங்கி, இலைகளின் நடுவில் வெள்ளைத் தொப்பி கோழிமுட்டைபோல் வெளியே வந்துவிட்டது. ரிபாஸ் எதிர்ப்பக்கத்திலிருந்து அதைப் பார்த்துச் சிரிப்பை அடக்கும் சத்தம் கேட்டது. நான் அசையவில்லை. எட்டுப் பேர் சாப்பாடு என்று எனக்குள் சொல்லிக்கொண்டேன்.

அவர் வந்தார். தோளில் மண்வெட்டி, கக்கத்தில் ஒரு கட்டு வைக்கோல். சிரிக்கவில்லை, பாடவில்லை, காலடியைப் பார்த்தபடி, தனியே வந்தார். எங்கள் வக்கடையருகே நின்று குனிந்தார். ரிபாஸ் குயிலாகக் கூவினான். நான் என்ன பறவை என்பதை மறந்துபோனேன். இருவரும் ஒரே பாய்ச்சலில் அவர் முதுகுக்குப் பின்னால் குதித்தோம். "அசையாதே!" என்று கத்தினேன். பயத்தில் என் குரல் இரண்டாகப் பிளந்து, பாதி ஆண்குரலாக வெளிவந்தது.

படங்களில் இந்த இடத்தில் எதிரி திரும்புவான், துப்பாக்கியை இழுப்பான், அல்லது சுழன்று விழுவான். தங்கராசா திரும்பிப் பார்க்கவே இல்லை. மண்வெட்டியை மெதுவாக, சத்தம் வராமல், உடம்புக்குத் தள்ளி வைத்தார். முழங்கால் போட்டார். பிறகு சேற்றில் நெஞ்சு படக் குப்புறப் படுத்து, கால்களை அகட்டி, இரண்டு கைகளையும் பிடரியில் வைத்து விரல்களைக் கோத்துக்கொண்டார். ஒரு அவசரமும் இல்லை. தொழுகையில் குனியும் ருக்கூவும் நெற்றியை நிலத்தில் வைக்கும் சுஜூதும் போல, பல தரம் செய்து கைவந்த ஒழுங்கு அதில் இருந்தது.

"ஐயா, நான் வயல்காரன்," என்றார் சேற்றைப் பார்த்து. "மூணு புள்ளைகள் இருக்கு."

எங்கள் திட்டம் அத்தோடு முடிந்தது. பாய்வது வரைக்கும் எல்லாம் படித்திருந்தோம். பாய்ந்த பிறகு என்ன சொல்வது என்று எந்தப் படத்திலும் காட்டவில்லை. படம் அந்த இடத்தில் வெட்டி அடுத்த காட்சிக்குப் போய்விடும். எங்களுக்கு அடுத்த காட்சி வரவில்லை. வாய்க்கால் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. ரிபாஸ் கம்பைப் போட்டுவிட்டு ஓடியே போனான். எனக்கு ஓடவும் தெரியவில்லை, 'எழும்புங்க' என்று சொல்லவும் நா எழவில்லை. எவ்வளவு நேரம் என்று சொல்லமுடியாது. எங்கள் பள்ளிவாசலில் தொழுகை முடிந்து 'ஸலாம்' கொடுக்கும் சத்தம் ஒலிபெருக்கியில் வந்தது நினைவிருக்கிறது.

கடைசியில், "அண்ணன்," என்றேன்.

அவர் முகத்தைப் பக்கவாட்டில் திருப்பினார். முதலில் என் கால்களைப் பார்த்தார், பிறகு கம்பை, பிறகு தொப்பியை. அடிப்பார் என்று நின்றேன். அவர் எழும்பி வரம்பில் உட்கார்ந்து பீடியை எடுத்தார். தீக்குச்சி மூன்று முறை தவறியது. பீடியை மடிக்குள் திருப்பி வைத்துவிட்டு, "ஜும்மாவுக்குப் போகல்லயா நீ?" என்று மட்டும் கேட்டார்.

பிறகு மண்வெட்டியை எடுத்து, வரம்பின் அடியில் இருந்த ஓர் ஓட்டையைக் காட்டினார். நண்டு வளை. அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. எங்கள் தண்ணீர் முழுவதும் வரம்புக்குக் கீழால், மிஞ்சும் தண்ணீர் போகும் வடிச்சல் கானுக்குப் போய்க்கொண்டிருந்தது. அதை அடைக்கத்தான் வைக்கோல் கொண்டு வந்திருந்தார். அவர் வெட்டிப் போட்ட சேற்றை நான் அள்ளி மிதித்தேன்.

ஊர் வாய்க்குப் போகுமுன் நானே மாமாவிடம் சொல்லிவிடுவது என்று உறுதியெடுத்துக்கொண்டு, சாணத்தைக்கூடக் கழுவாமல் நேரே அவர் முன் போய் நின்றேன். எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன். நான் கன்னத்தைக் கொடுத்தபடி நின்றேன். "அந்த மனிசன் எழும்பி நடந்து போனாரா?" என்றுதான் முதலில் கேட்டார். ஓம் என்றேன். "ஜும்மா நேரம் நம்மட தண்ணியப் பாக்கச் சொல்லி நான்தான்டா மனே அவரிட்டச் சொன்ன. அவங்கட கோயில் திருவிழாவுக்கு நான் அவர்ர தண்ணியப் பாக்கிற. இது நீ இஞ்ச வாறத்துக்கு முந்தியே இருக்கிற ஏற்பாடு." அடித்திருக்கலாம்.

அன்று பின்னேரமே மாமா என்னைக் கூட்டிக்கொண்டு தங்கராசாவின் வீட்டுக்குப் போனார். தங்கராசா படலைக்கு வெளியே வந்து, வீட்டாருக்கு ஒன்றும் தெரியாது, தெரியவும் வேண்டாம் என்று தாழ்ந்த குரலில் சொல்லி எங்களைத் திருப்பி அனுப்பினார். அடுத்த வெள்ளி வருவாரா மாட்டாரா என்று மாமாவும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. அந்த ஏழு நாளும் எனக்குச் சோறு இறங்கவில்லை. இதுவும் வீட்டுக்கு ஒரு இலாபம்தான். வெள்ளிக்கிழமை ஸலாம் கொடுத்த கையோடு வட்டைக்கு ஓடினேன். வாய்க்கால் கட்டில் அவர் நின்றார். வயலில் தண்ணீர் நின்றது. நூறு மீற்றர் தூரத்திலேயே நின்று, "அண்ணன், நான்தான் வாறன்," என்று கூப்பிட்டேன். அவர் கையை உயர்த்தினார். அன்றிலிருந்து அந்தக் கட்டால் நடக்கும்போதெல்லாம் தூரத்திலிருந்தே குரல் கொடுப்பேன். மாமாவும் அப்படியே. அந்தப் போகம் நெல் சப்பியாகவில்லை.

யுத்தம் முடிந்து கனகாலமாகிவிட்டது. சிடிக் கடை இருந்த இடத்தில் இப்போது போன் கவர் விற்கிறார்கள். இலுக்குப் பற்றையை மெஷின் வழித்துவிட்டது. வாய்க்காலுக்குக் கொங்கிறீட் போட்டாயிற்று, நண்டுக்கும் இடமில்லை. காட்டுச் சண்டைப் படங்கள் மட்டும் அப்படியே இருக்கின்றன. அவற்றைப் பார்க்கும்போது என் கண் இப்போது பதுங்கியிருப்பவனிடம் போவதில்லை. பாதையில் வருபவனைத்தான் பார்க்கிறேன், அவன் கக்கத்தில் என்ன வைத்திருக்கிறான் என்று.

போன வருடம் தங்கராசா அண்ணனின் மகள் கலியாணத்துக்குப் போனேன். இத்தனை காலம் நெஞ்சுக்குள் கிடந்த மன்னிப்பை அன்று கேட்டே தீருவது என்று, பஸ்ஸில் வரும்போதே வசனங்களை ஒழுங்குபண்ணி, பந்தலுக்குப் பின்னால் அவரைத் தனியே பிடித்து, சொல்லி முடித்தேன். அவர் வெற்றிலையைக் கன்னத்துக்குள் ஒதுக்கிக்கொண்டார்.

"அந்த வருசம் என்னக் கனபேர் படுக்க வெச்சவங்க தம்பி," என்றார். "துவக்கோட வாற மத்த ஆக்கள் எல்லாம் வந்த உடன ஐடென்டி கார்டக் கேப்பாங்க, பாப்பாங்க, போடா எண்டுவாங்க. நீங்க ரெண்டு பேரும்தான் ஒண்டும் கேக்காம நிண்ட. எவ்வளவு நேரம் படுத்துக் கிடக்கிற எண்டு எனக்கு விளங்கல்ல."